அகல வெள்ளை மேலே

1.

இந்தக் கதை கோபத்தில் பிறந்தது. ஒளிப்பானேன்? மன்னரின் முடிசூட்டு விழா வாரத்தில் நானும் சன்னலில் ஒரு பிரிட்டிஷ் கொடியைத் தொங்கவிட்டேன். அரை மணி நேரத்தில் எதிர்வீட்டுக்காரர் கதவைத் தட்டி, "தலைகீழா மாட்டியிருக்கீங்க" என்றார். இங்கிலாந்தின் இந்த லிங்கன்ஷயர் கடற்கரையில் இருபத்தாறு வருடம் மழையில் நனைந்தவன் நான். எனக்குக் கொடி கட்டத் தெரியாதாம். அன்றோடு அவரிடம் பேச்சை நிறுத்தினேன். கதையில் போட்டுக் கிழித்துவிடுவது என்று முடிவு செய்தேன்.

2.

"கடற்காற்றில் கம்பீரமாகப் பறந்த அந்தக் கொடி—"

வேண்டாம். கொடி என்று எழுதினாலே கம்பீரம் வந்து ஒட்டிக்கொள்கிறது, சனியன்.

"வில்ஃப்ரெட் காப்ஸ்டிக் ஒரு தாங்க முடியாத மனிதர்."

இது பரவாயில்லை. எழுபத்தெட்டு வயது, தனியாள், சரக்குக் கப்பல்களில் கொடிச் சைகை காட்டும் வேலை பார்த்தவர். காலை எட்டுக்குத் தோட்டத்துக் கம்பத்தில் கொடியை ஏற்றுவார், பொழுது சாயும்போது இறக்குவார். ஊரில் யார் கொடியைத் தவறாகக் கட்டினாலும் அவர்கள் வாசலில் போய் நிற்பார். அந்தத் தொல்லையை அதிகம் அனுபவித்தவள் பக்கத்து வீட்டு நெஸ்டா பெவன். வேல்ஸ்காரி, பள்ளிச் சமையலறையில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவள்.

3.

[இங்கே ஒரு விளக்கம் தேவை. எனக்கும் எரிச்சல்தான்.

வெள்ளையில் செஞ்சிலுவை இங்கிலாந்து. நீலத்தில் வெள்ளைப் பெருக்கல் குறி ஸ்காட்லாந்து. 1801இல் அயர்லாந்துக்காகச் சிவப்புப் பெருக்கல் குறி ஒன்றையும் திணித்தார்கள். ஸ்காட்லாந்து மூத்த கூட்டாளி. அதனால் கம்பத்தை ஒட்டிய பாதியில் அதன் அகலமான வெள்ளைப் பட்டை சிவப்புக்கு மேலே இருக்க வேண்டும். கீழே போனால் கொடி தலைகீழ். கடலில் அதற்கு அர்த்தம்: ஆபத்து, உதவிக்கு வாருங்கள். வேல்ஸுக்குக் கொடியில் இடமே இல்லை.]

"மிசஸ் பெவன், அகல வெள்ளை மேல வரணும். எத்தனை தடவைதான் சொல்றது?"

"எங்க நாடு இதுல எந்த மூலையில இருக்கு, காட்டுங்க மிஸ்டர் காப்ஸ்டிக். அப்புறம் எது மேல, எது கீழன்னு பாக்கறேன்."

"நான் தைச்ச கொடி இல்லம்மா அது."

"தைச்சவர் மாதிரிதானே குதிக்கிறீங்க?"

பதினொரு வருடமாக இதே பேச்சு. இன்னும் மிஸ்டர், மிசஸ்தான்.

4.

ஒரு செவ்வாய்க்கிழமை காலை, குப்பைத்தொட்டியைத் தெருவுக்கு உருட்டிவந்த நெஸ்டா நிமிர்ந்து பார்த்தாள். காப்ஸ்டிக்கின் கொடியில் அகல வெள்ளை கீழே இருந்தது.

அவளுக்கு வந்த சந்தோஷத்தைச் சொல்லி மாளாது. கைப்பேசியில் படம் பிடித்து, நேரே மீன் வறுவல் கடைக்கு ஓடினாள்.

"மாட்டிக்கிட்டாரா கிழவரு!" என்று கடைக்கார லென் கல்லாவைத் தட்டிச் சிரித்தான். "கண்ணு, அந்தப் படத்தை எனக்கும் அனுப்பு. பெருசா அச்சடிச்சு இங்கயே ஒட்டறேன்."

கடையில் இருந்த எல்லோரும் சிரித்தார்கள். நெஸ்டாவும் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள்.

5.

[இதுவரை கதை நான் நினைத்தபடி போனது. கோளாறு பண்ணியவர் காப்ஸ்டிக்.

இந்த ஆள் எப்படித் தவறு செய்வார்? நான்கு முறை எழுதிப் பார்த்தேன். ஒவ்வொரு முறையும் கொடியைத் தெரிந்தேதான் திருப்பிக் கட்டுகிறார். நெஞ்சில் பாரம், இடது கையில் வலி. கதவின் தாழ்ப்பாளை எடுத்துவிட்டு நாற்காலியில் போய் உட்கார்கிறார். தொலைபேசி கைக்கெட்டும் தூரத்தில்! எடுங்களேன் ஐயா என்று கெஞ்சிவிட்டேன். கொடிக்காக நகராட்சிக்கு மூன்று முறை போன் செய்த மனிதர், தனக்காக எடுக்க மாட்டேன் என்கிறார். "யாருக்கும் தொந்தரவு வேணாமே." இந்த ஊர்க்காரர்களோடு இதுதான் பெரிய அவஸ்தை.]

6.

வீட்டுக்குத் திரும்பும் வழியில் நெஸ்டாவின் சிரிப்பு மெல்ல அடங்கியது. பதினொரு வருடம், ஒரு நாள்கூடத் தவறியதில்லை. படத்தை மறுபடி எடுத்துப் பார்த்தாள். முடிச்சுகள் கச்சிதமாக இருந்தன. தடுமாறிக் கட்டியவன் போட்ட முடிச்சு இல்லை அது. தெருவில் வேறு யாருக்கும் இந்த ஆபத்துச் சைகையைப் படிக்கத் தெரியாது. அவரிடம் அத்தனை பாடம் கேட்ட அவளுக்குத் தெரியும் என்பது அவருக்கும் தெரியும்.

அவள் ஓடினாள்.

"மிஸ்டர் காப்ஸ்டிக்!" அவர் கதவைத் தட்டினாள். "வில்ஃப்ரெட்! பாத்துட்டேன் வில்ஃப்ரெட், வந்துட்டேன்!"

7.

முடிவு ஒன்று: "எட்டு மணிக்கே ஏத்திட்டேன், இப்பத்தான் வர்றீங்களா?" என்று அவர் முனகுகிறார், அவள் ஆம்புலன்ஸுக்கு—

முடிவு இரண்டு: நாற்காலியில் அவர்—

முடியவில்லை. இந்த மேசையிலிருந்து பார்த்தால் எதிர்வீட்டுக்காரர் தினமும் கொடி ஏற்றும் கம்பம் தெரியும். மணி பதினொன்று ஆகிறது. இன்று அதில் கொடியே ஏறவில்லை. ஊருக்குப் போயிருக்கலாம், தூங்கிக்கொண்டிருக்கலாம். போய்த் தட்டினால் எனக்குத்தான் அசிங்கம்; பேசி ஒரு வருடத்துக்கு மேல் ஆகிறது. அவர் பெயர்கூட எனக்குத் தெரியாது; காப்ஸ்டிக் நானாக வைத்த பெயர்.

நெஸ்டாவின் கை கதவின் கைப்பிடியில் இருக்கிறது. உள்ளே கூட்டிப்போக வேண்டியது இனி உங்கள் பொறுப்பு. நான் செருப்பைத் தேடிக்கொண்டிருக்கிறேன்.