மஞ்சளுக்கு மஞ்சள்

மச்சானுக்கு அவன் தரவேண்டிய பாக்கி ஆறாயிரத்து முந்நூற்று நாற்பது. பேட்டரி வண்டியில் கோடவுன் மூட்டை ஏற்றிப் பிழைக்கிறவனுக்கு அது ஒரு மாதச் சாப்பாடு.

கண்ட்ரோலர் எரிந்ததால் வந்த கடன் அது. மோட்டாருக்குக் கரண்டை அளந்து விடுகிற பெட்டி. மச்சான் தன் வண்டி ரிப்பேர் கடையில் புதிதாக மாட்டிக் கொடுத்தது பதினோராம் நாளே புகைந்துபோனது. இன்னொன்றைக் கடனுக்குக் கொடுத்துவிட்டு, "மாப்ள அளவில்லாம லோடு ஏத்துறாரு, பெட்டி என்ன செய்யும்" என்று வந்தவர் போனவரிடமெல்லாம் சொன்னார். பேச்சு கோடவுன் மேஸ்திரி காதுக்குப் போனது. பாதி லோடு வேறு வண்டிக்குப் போனது.

இரண்டாவது பெட்டி, வண்டி காலியாகப் போகும்போதே சுட்டது. அவன் சக்கரத்தைச் செங்கல் வைத்துத் தூக்கி, இரவல் மீட்டரைப் பேட்டரி ஒயரில் மாட்டிப் பார்த்தான். அந்தரத்தில் சும்மா சுற்றவே ஒன்பது ஆம்பியர் குடித்தது. மோட்டாருக்குப் போகும் மூன்று தடித்த ஒயர்களை, ஒவ்வொரு தடவையும் பேட்டரியைக் கழற்றிவிட்டு, மாற்றி மாற்றி மாட்டினான். சிலதில் உதறி நின்றது. ஐந்தாவது தடவை சத்தமே இல்லாமல் சுற்றியது. முக்கால் ஆம்பியர்.

மறுநாள் கடைக்குள் மச்சானிடம், ஒயர் மாறியிருந்ததை மெதுவாகத்தான் சொன்னான்.

"கலர் பாத்துதானே மாட்டினேன்? மஞ்சளுக்கு மஞ்சள், பச்சைக்குப் பச்சை."

"மோட்டார் ஒரு கம்பெனி, பெட்டி ஒரு கம்பெனி மச்சான். அவன் மஞ்சளும் இவன் மஞ்சளும் ஒண்ணா?"

"சுத்துச்சுல்ல?"

"சுத்துச்சு. எரிஞ்சும் போச்சு. கடனை நான் கட்டிடறேன். மாட்டினதுல தப்புன்னு மேஸ்திரிகிட்ட ஒரு வார்த்தை சொல்லுங்க, போதும்."

மேஸ்திரி வாசலில்தான், தன் வண்டிக்குப் பிரேக் மாட்டக் காத்திருந்தார். மச்சான் எட்டிப் பார்த்தார். பிறகு கடன் நோட்டை எடுத்துக்கொண்டு வாசலுக்கே வந்தார்.

"பாருங்கண்ணே, லோடு ஏத்தி எரிச்சுட்டு வந்து நிக்கிறாரு. என்ன செய்ய, தங்கச்சி முகத்தைப் பாக்கணுமே. ஆறாயிரத்து முந்நூத்தி நாப்பதையும் விட்டுட்டேன்." பேனாவால் குறுக்கே ஒரு கோடு.

"அண்ணே, நடந்தது அது இல்ல" என்று அவன் தொடங்கினான்.

மேஸ்திரி கையை உயர்த்தினார். "கடனையே விட்டுட்டாரு. இன்னும் என்னப்பா பேச்சு? மீதி லோடுக்கும் நாளையிலேர்ந்து வேற ஆள் பாத்துக்கறேன்."