இறங்காத கை

விளையாடிய காலத்தில் கோச்சுக்குக் 'காது கேட்காதவன்' என்று பட்டப்பெயர். காதில் கோளாறு ஒன்றும் இல்லை. பந்து கைக்கு வந்துவிட்டால் பக்கத்தில் இடியே விழுந்தாலும் அவருக்குக் கேட்காது, அவ்வளவுதான். கல்லூரி பாஸ்கெட்பால் இறுதி ஆட்டம் ஒன்றில், பந்தை வைத்திரு என்று அணியே தொண்டை கிழியக் கத்தியும் அவசரப்பட்டு எறிந்தார். பந்து வளையத்தில் பட்டு வெளியே போனது. கோப்பையும் அதன் பின்னாலேயே போனது. அடுத்த வருடம் முழங்காலும் போன பிறகு, அதே கல்லூரிக்குக் கோச்சாக வந்து சேர்ந்தார்.

வந்ததும் ஒரு சட்டம் போட்டார். கூச்சலில் வாய்ப்பேச்சு எடுபடாது. ஆகவே அவர் முஷ்டியை மடக்கித் தலைக்கு மேல் தூக்கினால் பந்தை விடாமல் வைத்திருக்க வேண்டும். கை இறங்கிய பிறகுதான் கூடைக்குப் போக வேண்டும். எதிரே கூடை காலியாகக் கிடந்தாலும் சரி, உன் கண்ணை நம்பாதே, என் கையை நம்பு. மீறியவர்கள் மைதானத்தைச் சுற்றி ஓடி நாக்குத் தள்ளிப்போனார்கள். பெண்கள் அணியில் அதிகம் ஓடியவள், இருப்பதிலேயே குள்ளம் என்பதால் எல்லாரும் சுண்டெலி என்று கூப்பிட்ட பெண்தான். பந்து கிடைத்தால் அவளும் யார் பேச்சையும் கேட்காத ரகம். ஒருவழியாகத் திருந்தினாள். அந்தப் பெருமையை மனைவியிடம் சொல்லிச் சொல்லி கோச் மாய்ந்துபோவார்.

இந்த வருட இறுதி ஆட்டத்துக்கு முன்னால் கல்லூரித் தாளாளர் அவரைக் கூப்பிட்டனுப்பினார். கோப்பை வந்தால் அணி இருக்கும். வராவிட்டால் அணியைக் கலைத்துவிட்டு மைதானத்தைக் கார் நிறுத்துமிடம் ஆக்கப்போவதாகச் சொன்னார். சிரித்த முகமாகத்தான் சொன்னார். அப்படிச் சொல்கிறவர்கள் சொன்னதைச் செய்துவிடுவார்கள்.

ஆட்டம் முடியச் சில நொடிகளே இருந்தன. ஒரு புள்ளி பின்தங்கியிருந்தார்கள். ஆட்டத்தை நிறுத்திப் பேசக் கிடைக்கும் டைம்-அவுட் எல்லாம் தீர்ந்துபோயிருந்தது; இனி கோச் கோட்டுக்கு வெளியே நின்று பார்க்கலாம், வேறொன்றும் செய்ய முடியாது. அந்த நேரத்தில் சுண்டெலி எதிரணிக்காரியிடமிருந்து பந்தைத் தட்டிப் பறித்தாள். அவளுக்கு முன்னால் ஒரு ஈ காக்கை இல்லை.

கோச்சுக்குள் இருந்த பழைய ஆட்டக்காரன் துள்ளி எழுந்தான். போ, போ என்று கத்தினார். சந்தோஷத்தில் கை தானாக மேலே போனது, முஷ்டி மடக்கியபடி.

சுண்டெலி ஓரக்கண்ணால் பார்த்தாள். சட்டென்று நின்று, நின்ற இடத்திலேயே பந்தைத் தட்டத் தொடங்கினாள்.

கோச்சுக்கு ஒன்றும் புரியவில்லை. பயந்துவிட்டாளா, காலில் அடியா? இன்னும் உரக்கக் கத்தினார், இன்னும் உயரமாகக் கையை ஆட்டினார். கை உயர உயர அவள் பிடிவாதமாக நின்றாள். எதிரணிக்காரிகள் ஓடி வந்து வழியை அடைத்தார்கள். அப்போதுதான் அவர் தன் கையை நிமிர்ந்து பார்த்தார். அதை இறக்குவதற்குள் ஆட்டம் முடிந்ததற்கான சங்கு ஊதிவிட்டது.

ஆட்டத்தைப் பார்த்துவிட்டு வெளியே வந்த தாளாளர், பாவம் அந்தப் பெண் பதறிவிட்டாள் என்றார். தப்பு என்னுடையது, என் கைதான் என்று கோச் மன்றாடினார். உங்களுக்குப் பெரிய மனசு என்று தோளில் தட்டிவிட்டு, விளையாட்டு அறைச் சாவியை அலுவலகத்தில் கொடுத்துவிடச் சொல்லிப் போனார் தாளாளர்.

உடைமாற்றும் அறையில் சுண்டெலியின் பக்கத்தில் யாரும் உட்காரவில்லை. கோச்சைக் கண்டதும் அவள் எழுந்து நின்றாள்.

"நான் உன்னப் போகத்தாம்மா சொன்னேன்" என்றார்.

"கை மேலதான சார் இருந்துச்சு?" கண்ணைத் துடைத்துக்கொண்டாள். "வழி காலியா இருந்தது எனக்கு நல்லாவே தெரிஞ்சுது சார். ஆனா உங்க கையத்தான் நம்பினேன். நான் சரியாத்தான செஞ்சேன்?"

சரியாகத்தான் செய்தாய் என்றார் கோச். அந்த வலது கையை எங்கே வைத்துக்கொள்வது என்றுதான் அவருக்குத் தெரியவில்லை.