அண்ணன் குரல் இருந்த போன்

தொண்டையில் அறுவை சிகிச்சை செய்து குரலை இழந்தவனுக்குக் காதும் போய்விட்டதாக ஊரே முடிவுகட்டிவிட்டது. எதிர்வீட்டுக்காரர் கத்துகிறார், மருந்துக்கடைக்காரர் கத்துகிறார். கூடப்பிறந்த தங்கை, போன் ரிப்பேர் கடை வைத்திருப்பவள், அவளாவது சும்மா இருந்தாளா? எல்லாரையும்விட உரக்கக் கத்தினாள்.

"அண்ணா! எதையும் அமுக்காத! அப்படியே குடு!"

அண்ணன் பேசாமல் போனை மேசைமேல் வைத்தான். பேச முடிந்தால்தானே!

அரதப்பழசான போன். பின்மூடியை நெம்பினால் பேட்டரி கையோடு வரும். அதில் ஒரு ஆப். அறுவை சிகிச்சைக்கு முன்னால் அவன் அதனிடம் பேசிப் பேசித் தன் குரலைப் பதிந்து வைத்திருந்தான். எழுத்தைத் தட்டினால் அவன் குரலிலேயே பேசும். போன வாரம் அதைச் செய்த நிறுவனம் கடையைச் சாத்தியது. நம்பலாம் என்பதற்கு அடையாளமாக ஆப்புக்குக் கொடுத்திருந்த டிஜிட்டல் கையொப்பம் செல்லாமல் போகவே, போன் அதைத் திறக்க மறுத்துவிட்டது. அன்றிலிருந்து பெண்டாட்டியிடம்கூடச் சீட்டில் எழுதித்தான் காட்டுகிறான். அந்தக் குரலுக்கு வேறு நகல் கிடையாது.

கையொப்பமில்லாத ஆப் ஓட வேண்டுமென்றால் போனைச் செய்த நிறுவனம் உள்ளே போட்டிருக்கும் பூட்டைத் திறக்க வேண்டும். முறைப்படி திறந்தால் உள்ளே இருப்பதையெல்லாம் துடைத்துவிடும், குரலையும் சேர்த்து. பழைய மென்பொருளில் மட்டும் ஒரு பாதுகாப்பு ஓட்டை உண்டு. அதன் வழியாகத் திறந்தால் எதுவும் அழியாது. நல்லவேளையாக இந்தப் போனில் அந்தப் பழசுதான் இருந்தது.

கேபிளுக்காக இழுப்பறையைக் குடைந்தாள். நிமிர்ந்தபோது போன் திரையில் ஒரு பட்டை நகர்ந்துகொண்டிருந்தது. 'புதுப்பிக்கப்படுகிறது.'

பொழுது போகாத நாளெல்லாம் கடைக்கு வந்து அரட்டையடித்தவனின் போன் அது. கடையின் வைஃபையை மறக்காமல் தானாக ஒட்டிக்கொண்டது. வேறு யாருடையது என்றாலும் முதல் வேலையாக இணைப்பை அணைத்திருப்பாள். அண்ணன் போன்தானே என்று அசட்டையாக இருந்துவிட்டாள். புதுப்பித்து முடிந்தால் ஓட்டை அடைபட்டுவிடும். நடுவில் நிறுத்தினால் போனே செத்துப்போகலாம்.

"ஐயோ அண்ணா! கெடுத்துட்டேன்! நானே கெடுத்துட்டேன்!"

பட்டை பாதியைத் தாண்டியது. நகம் உடைய மூடியை நெம்பி பேட்டரியைப் பிடுங்கினாள். திரை இருண்டது.

பேட்டரியைத் திரும்பப் போட்டுக் கணினியில் மாட்டினாள். அப்படியொரு போனே இல்லை என்றது கணினி. கேபிளை மாற்றினாள். அப்போதும் இல்லை. அண்ணன் ஒரு சீட்டை நீட்டினான். 'பரவால்ல, விடு.'

"என்னத்தப் பரவால்ல? இனி நீ எப்படிப் பேசுவ? சொல்லு, எப்படிப் பேசுவ?"

அவனிடம் போய் அதைக் கேட்டுவிட்டோமே என்று உடனே நாக்கைக் கடித்துக்கொண்டாள். கண்ணீர் வழிந்து திரை மங்கலாகத் தெரிந்தது. அழுதபடியே போனின் பக்கவாட்டுப் பொத்தான்களை ஒன்றாக அழுத்திப் பிடித்து மறுபடி மாட்டினாள்.

போனை அடையாளம் கண்டு கணினி மெல்ல ஒலித்தது. உள்ளே பதிந்திருப்பதைத் தொடாமல் பழைய மென்பொருளையே திரும்ப ஏற்றினாள். ஓட்டை வழியாகப் பூட்டைத் திறந்தாள். ஆப்பைத் தொட்டாள். போன் முரண்டு பிடிக்கவில்லை.

"அண்ணா! வந்துடுச்சு! பேசுண்ணா! எதையாவது பேசு!" தெருமுனைவரை கேட்கும்படி அலறினாள்.

அண்ணன் போனை வாங்கி நிதானமாகத் தட்டினான். கடைக்குள் அவன் குரல் கேட்டது. அதே கட்டைக் குரல், அதே நக்கல்.

"கத்தாத கழுத. எனக்குக் காது நல்லாத்தான் கேக்குது."

தங்கை மேசைமேல் தலையைக் கவிழ்த்துக்கொண்டு முன்னைவிடப் பலமாக அழுதாள்.