சிலுவைப் படத்துக்குப் பிறகு

ஜாய்சனை நான் மன்னிக்கவில்லை. மன்னிக்கச் சொல்லி யாரும் வேதவசனத்தைத் தூக்கிக்கொண்டு என் வீட்டுப் பக்கம் வரவேண்டாம்.

என் கணவர் சுந்தர்சிங் பக்கவாதம் வந்து சிட்லபாக்கம் வீட்டில் படுத்த படுக்கையாக இருக்கிறார். தாம்பரத்தில் இருக்கும் எங்கள் சபையின் ஞாயிறு ஆராதனையை டிவியில் நேரலையாகத்தான் பார்ப்பார். எங்கள் திருமண நாளுக்கு நான் தனிப்பாட்டு பாடிக் கேட்க வேண்டும் என்று ஆசைப்பட்டார். ஐஸ்கிரீமைக்கூடத் தொடாமல் தொண்டையைக் காப்பாற்றி, பட்டுப்புடவை கட்டிப் போய்ப் பாடினேன்.

வீட்டுக்கு வந்தால் அவர் முகமே சரியில்லை. "உன் வாய் அசைஞ்சுது ரத்தினம். சத்தமே வரலை."

நேரலையைக் கவனிப்பவன் ஜாய்சன். போனில் கேட்டதற்கு, "நெட் ப்ராப்ளம் ஆன்ட்டி" என்றான். எனக்கு அடுத்துப் பாடிய சின்னப் பெண் நிஷாவுக்கு மட்டும் நெட் ஜோராக வேலை செய்ததாம்!

பேச்சுவாக்கில் என் கணவர் இன்னொன்றும் சொன்னார். "முடிஞ்சதும் சிலுவைப் படம் போடறான். ஆனா அவன் நாற்காலி இழுக்கற சத்தம்கூடக் கேக்குது." ஜாய்சன்தான் கடைசியில் அறிவிப்பு வாசிப்பவன். படத்தைப் போட்டதும் எல்லாம் முடிந்தது என்று நினைத்து, சட்டையில் குத்திய மைக்கை அணைக்காமலே விட்டுவிடுகிறான்.

எனக்கு அது போதும்.

அடுத்த ஞாயிறு ஆசீர்வாதம் முடிந்து திரையில் சிலுவை வந்ததும் அவன் பக்கத்தில் போய் உட்கார்ந்தேன்.

"தம்பி, போன வாரம் என் பாட்டை நீதானே நிறுத்தினே? கோச்சுக்க மாட்டேன், சொல்லுப்பா."

சிரித்தான். "உண்மையைச் சொன்னா, வயசானவங்க பாடினா ஆளுங்க வேற வீடியோவுக்கு ஓடிடறாங்க ஆன்ட்டி. போதகர் பிரசங்கத்துக்கே பாதிப் பேர் நிக்கறதில்ல, எனக்கே தூக்கம் வருது. அவரை நிறுத்த முடியாது, உங்களை நிறுத்தலாம்."

அவன் போன் அடித்தது. எடுத்துக் கேட்டவன் முகம் வெளிறியது. பேசியது போதகரின் மனைவி; வீட்டிலிருந்து நேரலையைப் பார்த்துக்கொண்டிருந்தார்! அவன் கம்ப்யூட்டருக்குத் தாவுவதற்குள் சட்டை மைக்கை இழுத்துப் பிடித்துப் பாட ஆரம்பித்தேன்.

வீட்டில் சுந்தர்சிங் விழித்துக் காத்திருந்தார்.

"பாட்டு கேட்டுதா?"

"முதல் அடியோட கட் பண்ணிட்டான்." கோணிய வாயால் சிரித்தார். "அதுக்கு முன்னாடி அவன் வாயைக் கிளறினே பாரு, அதைத்தான் திரும்பத் திரும்பப் போட்டுக் கேட்டேன்."