ஹார்லன் பேட்டையின் பன்னிரண்டாவது குரல்

ஒரே பேட்டையில் பிறந்து வளர்ந்த பன்னிரண்டு ராப் பாடகர்கள், ஆளுக்கொரு பாட்டு, எல்லாம் ஒரே கேசட்டில். இதுதான் செட்ரிக்கின் கனவு. ரயில் தண்டவாளத்துக்கும் கால்வாய்க்கும் நடுவில் இருப்பதுதான் ஹார்லன் பேட்டை. அதற்கு வெளியே இருக்கும் ஒருவனுக்கும் மைக் கிடையாது என்று ஆரம்பத்திலேயே சொல்லிவிட்டான். பகலில் டயர் கடையில் வேலை. மிச்ச நேரமெல்லாம் வீட்டின் பின்அறையில் பதிவு. துணி அலமாரியைக் காலி செய்து, உள்ளே பழைய மெத்தைகளை ஆணியடித்து, அதற்குள் நின்றுதான் எல்லோரும் பாடினார்கள். கலிபோர்னியாவின் ஜூன் வெயிலில் அந்த அலமாரி அடுப்பாகக் கொதித்தது.

பதினோரு பாட்டு முடிந்துவிட்டது. பன்னிரண்டாவதைப் பாட இருந்த குவிண்டன், லாஸ் ஏஞ்சல்ஸில் ஒரு கம்பெனியோடு கையெழுத்துப் போட்டுவிட்டான். இனி வேறு எந்தக் கேசட்டிலும் அவன் குரல் வரக்கூடாதாம். திங்கட்கிழமை டேப்பைத் தொழிற்சாலைக்கு அனுப்பியாக வேண்டும். அன்று சனிக்கிழமை.

"பதினொண்ணு போதும், விடு," என்றாள் நயீமா. முதல் பாட்டு அவளுடையது. இருபத்திரண்டு வயது. பேட்டையிலேயே கூர்மையான நாக்கு அவளுக்குத்தான் என்பதை ஆண் பிள்ளைகளே ஒப்புக்கொண்டிருந்தார்கள்.

"பன்னண்டுன்னு நோட்டீஸ்ல அச்சடிச்சாச்சு, நயீமா. கடைசி ஆள நீ வயித்துலயிருந்து பெத்துத் தரப்போறியா?"

அப்போதுதான் கதவு தட்டப்பட்டது. பார்சலுக்குக் கையெழுத்து வாங்க தபால்காரர் வந்திருந்தார். அல்ஃபோன்ஸ் டில்லரி, நாற்பத்து மூன்று வயது, பதினாறு வருடமாக அந்தப் பேட்டைக்கு அவர்தான். நயீமா சட்டென்று ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள்.

குவிண்டனுக்காகச் செய்த தாளம் குரலில்லாமல் ஓடிக்கொண்டிருந்தது. செட்ரிக் கையெழுத்துப் போட்ட பிறகும் டில்லரி நகரவில்லை. அவர் ஷூ தரையைத் தட்டிக்கொண்டிருந்தது.

"இதுக்கு ஆள் இல்லையா?" என்று கேட்டார்.

"ஏன், நீங்க பாடுவீங்களா மிஸ்டர் டில்லரி?" செட்ரிக் விளையாட்டாகத்தான் கேட்டான்.

"ஒரு காலத்துல ஸ்கேட்டிங் ரிங்க்குல மைக்க என் கையிலேருந்து பிடுங்க நாலு பேர் வேணும், தம்பி. இன்னும் ரெண்டு தெரு பாக்கி இருக்கு. நாலு மணிக்கு வரவா?"

அவர் போனதும் அறையில் சண்டை மூண்டது. சிரித்துக்கொண்டே சண்டை போடும் பெரிய ரூஃபஸ், "வரட்டுமே, கெட்டாப் போச்சு?" என்றான். நயீமா மட்டும் விடவில்லை.

"அவரு வீடு எங்க? மேட்டுல, புல்லுக்குத் தண்ணி தெளிக்கிற மெஷின் வச்ச ஏரியாவுல. நம்ம பேட்டையா அது? சட்டம் போட்டது நீதானே செட்ரிக்?"

"வாரத்துல ஆறு நாள் நம்ம தெருவுல நடக்கிறாருடி. அந்த மெல்வின் இங்கயே குடியிருக்கான், சோபாவ விட்டு எறங்கி நான் பாத்ததில்ல. இவங்கள்ல யாரு இந்தப் பேட்டை?"

எல்லோரும் சிரித்தார்கள். நயீமாவுக்குச் சிரிப்பு வரவில்லை. அவள் பயம் வேறு.

நர்சிங் கல்லூரியில் இடம் கிடைத்துவிட்டது என்று ஏப்ரலில் அவள் எல்லோரிடமும் சொல்லியிருந்தாள். கிடைக்கவில்லை. மூன்று வருடம், மூன்று விண்ணப்பம், மூன்று மறுப்பு. இடம் கிடைத்தவர்களுக்குத் தடிமனான உறை வரும், கிடைக்காதவர்களுக்கு ஒற்றைத்தாள் வைத்த மெல்லிய உறை. மூன்று மெல்லிய உறைகளையும் கொண்டுவந்து கொடுத்த கை டில்லரியுடையது. கடைசி உறையைப் பெட்டியில் போடாமல் அவள் கையிலேயே கொடுத்துவிட்டு, வெயில் அதிகம் என்று மட்டும் சொல்லிவிட்டுப் போனார். அன்றிலிருந்து அவர் வரும் நேரம் பார்த்து அவள் உள்ளே போய்விடுவாள். ஊருக்கெல்லாம் கடிதம் கொண்டுபோகிறவர் ஊரைப் பற்றிப் பாட வந்தால் எதைப் பாடுவார்? அதிலும் அவளுடைய முதல் பாட்டே, வெள்ளைக் கோட்டு போட்டு வரப்போகிறேன், வழி விடுங்கடா என்ற பெருமைதான்.

நாலு மணிக்கு டில்லரி வந்தார். தொப்பியைக் கழற்றி மேஜையில் வைத்தார். வரும் வழியில் ஒரு பழைய விளம்பரத் தாளின் முதுகில் எழுதியிருந்தார். அலமாரிக்குள் நுழைந்து கதவை மூடிக்கொண்டார். வெளியே ஸ்பீக்கரில் அவர் குரல் கனமாக, அவசரமில்லாமல் வந்தது.

"நாலு மணி வெயிலு, தோளுல பை,
நாப்பத்தேழு கதவு, நாய் கடிச்ச கை.
கேட்டைத் தொறந்தா கொரைக்கும், மூடினா மொறைக்கும்,
கேக்காத வீட்டுக்கும் என் காலு நடக்கும்."

ரூஃபஸ் கூவிவிட்டான். செட்ரிக் கையை ஆட்டி அவனை அடக்கினான். நயீமாவின் விரல்கள் நாற்காலிக் கையைப் பிடித்திருந்தன.

"ஒறைக்குள்ள என்னன்னு நான் பிரிச்சது இல்ல,
ஒரு வாசல் சேதி மறுவாசல்ல சொன்னது இல்ல.
அழுத மொகம் பாத்தேன், சிரிச்ச மொகம் பாத்தேன்,
அடுத்த வீட்டுப் படியில ரெண்டையும் மறந்தேன்."

பாட்டு முடிந்து அவர் வியர்வையில் குளித்து வெளியே வந்தபோது அறையே கைதட்டியது. நயீமா தட்டவில்லை. இரண்டு மாதமாக ஒருவரைப் பார்த்து ஒளிந்தோமே, அவர் நம்மைப் பற்றி யாரிடமும் ஒரு வார்த்தை சொன்னதில்லையே என்று வெட்கமாக இருந்தது. அந்த வெட்கம் நெஞ்சிலிருந்த எதையோ இளக்கிவிட்டது.

"என்ன மிஸ் நயீமா, நல்லா இல்லையா?" என்று கேட்டார் டில்லரி.

"நல்லா இருக்கு. அதான் கோவமா வருது," என்றாள். பிறகு செட்ரிக்கிடம் திரும்பினாள். "என் பாட்ட மறுபடி எடுக்கணும்."

"பைத்தியமா உனக்கு? நாளான்னைக்கு டேப் போகணும்!"

"ஒரே ஒரு தடவ. போடு."

எழுதவெல்லாம் இல்லை. அலமாரிக்குள் நின்று, கண்ணை மூடிக்கொண்டு சொன்னாள்.

"மூணு தடவ கேட்டேன், மூணு தடவையும் 'இல்ல',
மூஞ்சி காட்ட வெக்கம், முழு ஊருக்கும் சொல்லல.
பொய் சொன்ன வாயால நெசத்தயும் சொல்றேன்,
போன வாசலத்தான் நாலாந்தடவ தட்டறேன்."

அவள் வெளியே வந்தாள். ரூஃபஸ் தன் குளிர்ந்த சோடாவை அவள் கையில் திணித்தான். "பழசவிட இது ஒதைக்குது," என்றான் செட்ரிக்.

அம்மாவிடம் சொல்வதுதான் கஷ்டமாக இருந்தது. ஞாயிறு காலை சர்ச்சுக்குப் போகும் வழியில், காரில் தன் பாட்டின் பிரதி எடுத்த கேசட்டைப் போட்டாள். அம்மா லுசில் கையுறை போட்ட கையால் ஸ்டியரிங்கைப் பிடித்தபடி முழுப் பாட்டையும் கேட்டாள். சிக்னலில் பச்சை விழுந்தும் வண்டி நகரவில்லை. பின்னால் ஹாரன் அடித்தார்கள்.

"முன்னாடியே சொல்றதுக்கு என்னடி? சர்ச்சுல சிஸ்டர் ஒடெஸாகிட்ட, ஒனக்கு யூனிஃபார்ம் தைக்கக் குடுத்தாச்சுன்னு சொல்லிட்டு வந்திருக்கேன்."

"யூனிஃபார்மா? நானே அவ்வளவு தூரம் போகலயேம்மா."

"நீ ஆரம்பிச்ச, நான் கொஞ்சம் நீட்டினேன்." லுசில் வண்டியை எடுத்தாள். சற்று தூரம் போனபின், "வேற காலேஜே இல்லையா இந்த மாநிலத்துல? ஒரே கதவுலயா போய் முட்டுவ?" என்றாள். பிறகு டேப்பைப் பின்னுக்கு ஓட்டி, மறுபடி முதலிலிருந்து போட்டாள்.

மதியம் கால்வாய்ப் பாலத்தருகே அட்டைப் படம் எடுத்தார்கள். பதினொரு பேர் வந்து நின்றார்கள். டில்லரியைக் காணோம் என்று செட்ரிக் பத்து நிமிடமாகத் தெருவையே பார்த்துக்கொண்டிருந்தான். ஓரத்தில் ஆரஞ்சுச் சட்டையும் வெள்ளைத் தொப்பியுமாக நின்ற ஓர் ஆளைப் பார்த்து ரூஃபஸ், "சார், கொஞ்சம் தள்ளிக்குங்க, படம் எடுக்கிறோம்," என்றான்.

"தள்ளிக்கிறேன். ஆனா உங்கம்மாவோட பென்ஷன் கவரு நாளைக்குத் தள்ளிப் போகும், பரவாயில்லையா ரூஃபஸ்?"

பேட்டையே விழுந்து விழுந்து சிரித்தது. பதினாறு வருடத்தில் ஒருவரும் அவரைத் தபால்துறை நீலச் சட்டை இல்லாமல் பார்த்ததில்லை. நயீமா அவர் முழங்கையைப் பிடித்து இழுத்துவந்து தன் பக்கத்தில் நிறுத்திக்கொண்டாள்.

ஆகஸ்டில் கேசட் வந்தது. முடி திருத்தும் கடையில், மீன் பொரிக்கும் கடையில், செட்ரிக்கின் கார் டிக்கியில் என்று விற்றது. ஒரு சாயங்காலம் சலவைக் கடை வேலை முடிந்து நயீமா நடந்து வந்தபோது, ஒரு வண்டி ரூஃபஸின் பாட்டோடு கடந்தது. அடுத்தது வேறு யாருடையதோ. முனையில் நின்ற பழைய காரில் அவளுடைய பாட்டே ஓடியது. உள்ளே இருந்த முன்பின் தெரியாத பெண் உதட்டசைத்து, 'மூணு தடவையும் இல்ல' என்று கூடவே பாடிக்கொண்டிருந்தாள். நயீமா தான் யார் என்று சொல்லவில்லை. பாட்டு முடியும்வரை ஷூ கயிறு கட்டுவதுபோல் அங்கேயே குனிந்திருந்து, பிறகு எழுந்து வீட்டுக்கு நடந்தாள்.