மாடி விலாசம்

லேத்துக்காரியின் வழக்கு அவளுடைய வீம்பாலேயே தள்ளுபடி ஆனது.

கீழே பட்டறை, மேலே மாடி. இரண்டும் அவள் இரும்பு கடைந்து எழுப்பியவை. "கொஞ்ச நாள் தங்கிக்கிறேன்க்கா" என்று பெட்டியோடு ஏறிய தம்பி இறங்கவே இல்லை. கேட்டால், மாடி தன்னுடையது என்றான். காலி செய்யச் சொல்லி வழக்குப் போட்டாள். அவனுக்கு நோட்டீஸ் அனுப்ப விலாசம் கேட்டார்கள். அவன் முன்பு குடியிருந்த வாடகை வீட்டு விலாசத்தைக் கொடுத்தாள். நோட்டீஸ் போன வேகத்தில் திரும்பி வந்தது. சரியான விலாசம் தரச் சொல்லி நீதிமன்றம் தவணை கொடுத்தது, மறுபடியும் கொடுத்தது. வக்கீலம்மாவுக்குப் போனில் கத்தியே தொண்டை வறண்டது. இவள் அசையவில்லை. வழக்கு போயிற்று. மறுநாளே தம்பி மாடிக் கதவுக்குப் பெயிண்ட் அடித்தான்.

"திரும்ப எடுக்கச் சொல்லி மனு போடலாம். காரணம் வேணும். கடுமையான காய்ச்சல்னு எழுதிடறேன்," என்றாள் வக்கீலம்மா.

"எனக்கு ஏது காய்ச்சல்? தினமும் பட்டறை திறந்திருந்துச்சு. தெருவே சாட்சி."

"எல்லாரும் அதைத்தான்க்கா எழுதுவாங்க."

"எழுதட்டும். பொய்ச் சத்தியம் பண்ணி மாடி வாங்க நான் என்ன அவனா?"

"உண்மையை எழுதினா ஜட்ஜ் சிரிப்பார்."

"சிரிக்கட்டும். பல்லு அவரோடது."

நீதிபதி சிரிக்கவில்லை. மனுவை இரண்டாம் முறையும் படித்தார்.

"உங்க தம்பி மாடியிலதான் இருக்கார். தெரிஞ்சே எழுதலையா?"

வக்கீலம்மா வாயெடுக்குமுன் இவள் முந்திக்கொண்டாள். "தெரியும் ஐயா. விலாசம்னு எழுதினா, அது அவன் வீடுன்னு நானே கையெழுத்துப் போட்ட மாதிரி ஆயிடுமே."

"வழக்கு மனுவுல அவர் அங்க இருக்கறதா நீங்கதானே சொல்லியிருக்கீங்க?"

"உக்காந்திருக்கான்னு சொன்னேன். வீடுன்னு சொல்லலை."

பின்வரிசையில் யாரோ களுக்கென்றார். நீதிபதி பார்த்த பார்வையில் அது அடங்கியது.

"அம்மா, விலாசம் ஆளைக் கண்டுபிடிக்க. சொத்து யாருதுன்னு முடிவு பண்றது என் வேலை. கோர்ட் சொன்னதைச் செய்யாம விட்டது தப்பு."

"தப்புதான். அதுக்கு என்னைத் திட்டுங்க. மாடியை அவனுக்கு விட்டுடாதீங்க."

அவர் பேனாவை எடுத்தார். "காய்ச்சல்னு சொல்லியிருந்தா நம்பியிருக்க மாட்டேன். இன்னைக்கே விலாசம் கொடுங்க. வழக்கைத் திரும்ப எடுத்துக்கறேன்."

வராந்தா பெஞ்சில் வைத்து எழுதினாள்: 'என் வீட்டு மாடி.' வக்கீலம்மா தலையில் அடித்துக்கொண்டு, முதல் சொல்லை வெட்டிவிட்டுக் கதவு எண்ணைப் போட்டாள். இவள் முறைத்தாள். ஆனாலும் கையெழுத்துப் போட்டாள்.

நோட்டீஸோடு கோர்ட் அமீனா வந்தபோது லேத்து ஓடிக்கொண்டிருந்தது. அதை நிறுத்திவிட்டு, தானே முன்னால் படியேறிக் கதவைத் தட்டினாள்.

தம்பி நோட்டீஸைப் புரட்டிப் பார்த்தான். "கேஸ் செத்துப்போச்சுன்னாங்களே அக்கா?"

"செத்துத்தான் கிடந்துச்சு. எழுப்பிட்டேன். ஒரு பொய்கூடச் சொல்லலடா."

அவன் கையெழுத்துப் போடும்வரை நின்று பார்த்தாள். பிறகு இறங்கினாள். பட்டறை வாசலில் ஒருவர் உடைந்த அச்சோடு காத்திருந்தார்.

"எங்கம்மா போயிட்டீங்க?"

"மேலதான். நம்ம மாடிக்கு."