மூன்றாம் சரணம்

"அப்பா, மூணாவது சரணத்துல மெட்டத் தூக்கி ஆல்ட்டோவுக்குக் குடுத்திருக்கீங்களே, ஏன்?" என்று ஈவாஞ்சலின் கேட்டபோது, நான் துறைமுகத்துக்குக் கிளம்பச் சட்டைப் பொத்தானைப் போட்டுக்கொண்டிருந்தேன். சமையலறையில் என் மனைவியின் தோசைக்கல் சத்தம் ஒரு நொடி நின்றது போலிருந்தது. எனக்குத்தான் அப்படித் தோன்றியிருக்கும்.

"சும்மாதான். ஒரு மாறுதலுக்கு."

"சும்மா யாரும் அப்படி எழுத மாட்டாங்கப்பா. நம்ம கோயில்ல எந்தப் பாட்டுன்னாலும் மெட்டு மேல்குரல் சோப்ரானோவுக்குத்தான, கீழ்க்குரல் ஆல்ட்டோவுக்கு யாரு குடுப்பா. ஞாயித்துக்கிழமை மேடையில இதத்தான் கேக்கப் போறேன். யோசிச்சு வைங்க."

என் மகள் சென்னையில் ஒரு கல்லூரியில் இசை சொல்லிக்கொடுக்கிறாள். நானூறு வருஷத்துக்கு முன்னால் இத்தாலியிலும் பிரான்சிலும் அரண்மனைகளில் பாட்டு எழுதிய பெண்களைப் பற்றித்தான் அவளுடைய ஆராய்ச்சி. அவர்களுடைய பாட்டில் மூன்றை ஞாயிற்றுக்கிழமை எங்கள் கோயில் பாடகர் குழுவைப் பாடவைத்து, கடைசியாக என் பாட்டையும் பாடவைப்பதாக ஏற்பாடு. அந்த மகராசிகளுக்கு நடுவில் நான் எதற்கு என்று சொல்லிப் பார்த்தேன். நம்ம ஊரிலும் பாட்டு பிறந்தது என்று காட்ட வேண்டுமாம்.

பிறந்தது உண்மைதான். ஆனால் என்னிடம் பிறக்கவில்லை.

எங்கள் சபையில் வருஷத்துக்கு ஒருநாள் எல்லாரும் ஒன்றாக உட்கார்ந்து சாப்பிடும் அசனப் பண்டிகை உண்டு. அதற்கென்று ஒரு புதுப் பாட்டு கட்டி, ரோஸ் தாளில் அச்சடித்துக் கொடுப்பது வழக்கம். முப்பத்தொரு வருஷத்துக்கு முன்னால், கிருபாபாய் நாசரேத்திலிருந்து எனக்கு வாழ்க்கைப்பட்டு வந்த புதிது. மொட்டை மாடியில் துணி காயப்போடும்போது ஏதோ முனகிக்கொண்டே இருப்பாள். ஒருநாள் நான் ஆபீசிலிருந்து கொண்டுவந்த பழைய ஷிப்பிங் பில்லின் பின்பக்கத்தில், நான்கு குரலுக்கும் சோல்ஃபா என்ற ஸ்வர எழுத்தில் முழுப் பாட்டையும் எழுதி நீட்டினாள். அச்சகத்துக்குக் கொண்டுபோனவன் நான். "இசைன்னு யார் பேரு போடணும் சார்?" என்று அச்சகக்காரர் கேட்டார். பொம்பளைப் பெயர் போட்டால் சபையில் ஏதாவது சொல்வார்கள் என்று யோசித்ததாக எனக்கு நானே பல வருஷம் சொல்லிவந்தேன். பொய். நான் யோசிக்கவே இல்லை. "ஏ. ஜோன்ஸ்னு போடுங்க" என்று என் பெயரையே என் வாய் சொல்லிவிட்டது. எனக்கு ஆசையாக இருந்தது, அவ்வளவுதான்.

தாளை வீட்டுக்குக் கொண்டுவந்தபோது அவள் இரண்டு தடவை வாசித்தாள். "எழுத்து நல்லா விழுந்திருக்கு" என்று சொல்லி மடித்து வேதாகமத்துக்குள் வைத்துக்கொண்டாள். சண்டை போட்டிருந்தால் பிழைத்திருப்பேன்.

அந்தப் பாட்டால் என்னைக் குழுத் தலைவனாக்கினார்கள். அவள் அதற்குப் பிறகு ஒரு வரிகூட எழுதவில்லை. ஏன் என்று நானும் கேட்கவில்லை. "அடுத்த பாட்டு எப்ப அண்ணாச்சி?" என்று கேட்பவர்களிடம், "ஆபீஸ் வேலை எங்க விடுது" என்று சலித்துக்கொள்வேன். என் வேலை ஏற்றுமதிச் சரக்குக்கு ஷிப்பிங் பில் போடுவதும், இறக்குமதிச் சரக்கைத் துறைமுகத்திலிருந்து விடுவித்துக் கொடுப்பதும். உடையவர் பெயர் தப்பாக இருந்தால் கண்டெய்னர் யார்டிலேயே கிடக்கும். அதில் நான் புலி என்று ஆபீசில் பேர். ஒருத்தர் சரக்கை இன்னொருத்தர் பெயரில் ஒருநாளும் அனுப்பியதில்லை.

வியாழக்கிழமை ஒத்திகையில் ஈவாஞ்சலின் அந்தப் பெண்களைப் பற்றிச் சொன்னாள். பிரபுக்கள் விருந்து சாப்பிடும்போது பாடியவர்கள், தங்கள் பெயரிலேயே புத்தகம் அச்சிட்ட சிலர், பெயரே இல்லாமல் நூலகங்களில் கிடக்கும் தாள்கள். யார் எழுதியது என்றே தெரியாதாம். ஆல்ட்டோ வரிசையிலிருந்து கிருபாபாய் கேட்டாள்.

"கையெழுத்து இருக்கும்லா ஈவா? அத வச்சுக் கண்டுபிடிக்க முடியாதா?"

"ஒப்பிட்டுப் பாக்க அவங்க எழுதுன இன்னொரு தாளு வேணும்மா. ஒண்ணுதான் இருக்குன்னா என்ன செய்ய?"

கிருபாபாய் தலையாட்டிக்கொண்டாள். நான் ஆர்கன் கட்டைகளையே பார்த்துக்கொண்டிருந்தேன். அந்த ஷிப்பிங் பில் என் ஆபீஸ் மேஜையின் அடி டிராயரில் இன்னும் இருக்கிறது. கிழித்துப் போடவும் தைரியம் வரவில்லை, வீட்டுக்குக் கொண்டுவரவும் வரவில்லை.

சனிக்கிழமை நான் செய்ததை நினைத்தால் இப்போதும் கூசுகிறது. மாடியில் துணி எடுத்துக்கொண்டிருந்தவளிடம் போய், வானத்தைப் பார்த்துக்கொண்டே கேட்டேன்.

"அந்த மூணாவது சரணத்த ஏன் அப்படி எழுதுன?"

அவள் என்னைத் திரும்பிப் பார்த்தாள். நாளை மேடையில் சொல்வதற்காகக் கேட்கிறேன் என்பது அவளுக்குப் புரிந்துவிட்டது. கையிலிருந்த போர்வையின் நான்கு முனையையும் சேர்த்து நிதானமாக மடித்தாள்.

"வேற எதையாவது சொல்லிக்கிடுங்க" என்றாள். "அத மட்டும் நான் சொல்ல மாட்டேன்."

ஞாயிறு சாயங்காலம் கோயில் நிறைந்திருந்தது. அரண்மனைப் பெண்களின் மூன்று பாட்டும் நன்றாகவே வந்தன. நான்காவதில் இரண்டு சரணம் பாடியதும் ஈவாஞ்சலின் கையைக் காட்டி நிறுத்தினாள். ரோஸ் தாளைத் தூக்கிப் பிடித்து, என் பெயரை வாசித்துவிட்டு, எல்லாரையும் பார்த்துச் சிரித்தபடி மைக்கை என்னிடம் தந்தாள்.

"சொல்லுங்கப்பா. ஏன் ஆல்ட்டோ?"

ஒரு மாறுதலுக்கு என்று சொல்லிவிட்டு உட்கார்ந்திருக்கலாம். கைதட்டியிருப்பார்கள்.

"எனக்குத் தெரியாது" என்றேன். "எழுதுனது நான் இல்ல. எழுதுனவகிட்டதான் கேக்கணும்."

ஆல்ட்டோ வரிசைக்கு நடந்தேன். கிருபாபாயின் முன்னால் போய் மைக்கை நீட்டினேன். அவள் அதை வாங்கவில்லை. எனக்கு மட்டும் கேட்பதாக நினைத்துக்கொண்டு, மெதுவாகச் சொன்னாள்.

"இப்ப எதுக்கு?"

கோயிலின் நாலு மூலையிலிருந்த ஒலிபெருக்கிப் பெட்டிகளிலும் அது கேட்டது. வாசலில் செருப்பு விட்டுக்கொண்டிருந்தவர்களுக்கும் கேட்டிருக்கும். ஈவாஞ்சலின் கையிலிருந்த தாளைப் பார்த்தாள், அம்மாவைப் பார்த்தாள், என்னைப் பார்க்கவில்லை.

கிருபாபாய் சேலைத் தலைப்பைத் தோளில் இழுத்து விட்டுக்கொண்டாள். பக்கத்தில் இருந்தவர்களுக்குச் சுருதியை முனகிக் காட்டி, கையை உயர்த்தினாள். மூன்றாம் சரணம் தொடங்கியது. மெட்டு கீழ்க்குரலில் வர, எப்போதும் முன்னால் நிற்கும் குரல்களெல்லாம் அதற்குப் பின்னால் போய் நின்றன. அவள் மைக்கிலிருந்து முகத்தைத் திருப்பிக்கொண்டு பாடினாள். நான் நீட்டிய கையை மடக்கத் தெரியாமல் அப்படியே நின்றேன்.